வன்னியில் ஏடா கற்பது எதற்கு?

வன்னியிலுள்ள மாங்குளம், ஏ-9 வீதியும் முல்லைத்தீவு வீதியும் சந்திக்கும் இடம். வடக்குப் புகையிரதப் பாதையும் அவ்வூரைத் தொட்டே செல்கிறது. 1990இல் நின்றுபோன ரயில், இந்தியக் கடனுதவியில் இர்கான் நிறுவனம் பாதையை மீண்டும் போட்ட பிறகு, 2013 செப்டெம்பரில் ஓமந்தையைத் தாண்டிக் கிளிநொச்சிக்கும், 2014 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்துக்கும், அடுத்த ஜனவரியில் காங்கேசன்துறைக்கும் வந்து சேர்ந்தது. தண்டவாளத்தோடு புதிய மின்னணுச் சமிக்ஞைத் தொகுதியும் வந்தது. கடவைச் சிக்கலும் சேர்ந்தே வந்தது. கால் நூற்றாண்டாக ரயிலே ஓடாத நிலத்தில் ஊர்ப்பாதைகள் தண்டவாளம் கிடந்த இடத்தை எங்கெல்லாமோ குறுக்கறுத்திருந்தன; பாதுகாப்பற்ற கடவைகளில் நேர்ந்த மரணங்கள் வடக்குப் பத்திரிகைகளின் வழமையான செய்திகளாயின. 2019 ஜூனில் கிளிநொச்சி அம்பாள்குளத்தில் இராணுவ வாகனம் ஒன்று ரயிலோடு மோதிப் படையினர் பலர் உயிரிழந்தது அவற்றுள் ஒன்று. கடவையில் சிவப்பு விளக்கை எரியவிடுவது எது என்று கேட்டால், இன்று உலகின் பல பாதைகளில் விடை ஒரு செய்நிரல். அத்தகைய செய்நிரல்களுக்கென்றே வடிவமைக்கப்பட்ட மொழி ஏடா. அதை வன்னியில் ஒரு மாணவர் கற்பதால் ஏதும் பயனுண்டா என்பதே இங்கு எடுத்துக்கொள்ளும் கேள்வி. பயனுண்டு என்பது என் முடிவு. ஆனால் அதற்கு வழக்கமாகச் சொல்லப்படும் காரணத்தை, அதாவது பாதுகாப்பான மொழியில் எழுதினால் பாதுகாப்பான செய்நிரல் வரும் என்பதை, என்னால் ஏற்க முடியவில்லை. செய்நிரலாளர் மனதுக்குள் வைத்திருக்கும் ஊகங்களை வெளியே எடுத்து எழுதவைப்பதே இம்மொழி செய்யும் வேலை. எழுதப்பட்ட ஊகம் சரியா என்று உலகத்தைப் பார்த்துத்தான் சொல்ல வேண்டும், செய்நிரலைப் பொறிமொழிக்கு மாற்றும் தொகுப்பியைப் பார்த்து அல்ல.

ஏடாவின் பிறப்பு ஒரு நிர்வாகத் தலைவலியிலிருந்து. 1970களில் அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களத்தின் ஆயுதங்களிலும் விமானங்களிலும் கப்பல்களிலும் ஓடிய செய்நிரல்கள் 450க்கும் மேற்பட்ட மொழிகளிலும் அவற்றின் கிளைகளிலும் எழுதப்பட்டிருந்தன. ஒருவர் எழுதியதை இன்னொருவர் திருத்த முடியாத நிலை. 1975இல் அமைக்கப்பட்ட குழு ஒன்று, மொழிக்குத் தேவையானவற்றை முதலில் எழுதி, விமர்சனத்துக்கு விட்டு, திருத்தித் திருத்தி 1978இல் இறுதி ஆவணமாக்கியது. அதன் பிறகுதான் மொழியை வடிவமைக்கப் போட்டி நடந்தது; ழான் இக்பியா தலைமையிலான பிரெஞ்சுக் குழு 1979இல் வென்றது. முதற் கணினிச் செய்நிரலாளராகக் கருதப்படும் ஏடா லவ்லேஸின் பெயர் மொழிக்கு இடப்பட்டது. அவர் பிறந்த 1815ஆம் ஆண்டே இராணுவத் தரநிலையின் எண்ணுமாயிற்று. 1983, 1995, 2005, 2012, 2022 என்று மொழி ஐந்து தடவை செப்பமாகியிருக்கிறது. போயிங் 777 விமானத்தின் மென்பொருளில் பெரும்பகுதி ஏடா. நமக்குப் பக்கத்தில், இந்தியாவின் தேஜஸ் போர்விமானத்தின் பறப்புக் கட்டுப்பாட்டு மென்பொருளும் ஏடாவில்தான் எழுதப்பட்டது. ஒரு மொழியை உருவாக்குமுன் அது என்ன செய்ய வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் வாதாடி எழுதிவைத்த இந்த வரலாறு, மொழியின் சுபாவத்திலேயே படிந்துவிட்டது என்று நினைக்கிறேன். எதையும் அறிவிக்காமல் செய்ய விடாத மொழி அது.

அறிவிப்பது என்றால் என்ன என்பதை ஒரு கடவையைக் கொண்டே பார்க்கலாம். மணிக்கு 100 கிலோமீற்றர் வேகத்தில் வரும் ரயில் விநாடிக்கு ஏறத்தாழ 28 மீற்றர் கடக்கும். வீதியில் வருவோருக்கு 25 விநாடி முன்னறிவிப்பு வேண்டுமென்றால், ரயில் வருவதைக் கண்டறியும் கருவி ஏறத்தாழ 700 மீற்றருக்கு அப்பால் இருக்க வேண்டும். இந்தக் கணக்கில் வேகம், தூரம், நேரம் என்று மூன்று அளவுகள் இருக்கின்றன. பெரும்பாலான மொழிகளில் மூன்றும் வெறும் முழுவெண்கள். வேகத்தைத் தூரத்தோடு கூட்டினாலும் கணினி முகம் சுளிக்காது. ஏடாவில் வேகம் என்றொரு வகையை 0 முதல் 140 வரை என்றும், தூரம் என்றொரு வகையை 0 முதல் 5000 வரை என்றும் தனித்தனியே அறிவிக்கலாம். பிறகு இரண்டையும் கலந்து எழுதினால் செய்நிரல் தொகுபடவே மாட்டாது. ஓடும்போது கருவி பழுதாகி 30000 என்று ஒரு தூரத்தைச் சொன்னால், அந்த எண் சத்தமில்லாமல் அடுத்த கணக்குக்குள் நுழையாது. நுழையும் வரியிலேயே வழு எழும். கடவையின் நிலைகளும் அப்படித்தான். திறந்தது, மூடுகிறது, மூடியது, பழுது என்று நான்கு நிலைகளை அறிவித்துவிட்டு, ஒவ்வொரு நிலையிலும் செய்யவேண்டியதைப் பிரித்து எழுதும்போது ஒன்றை விட்டுவிட்டால் தொகுப்பி மறுத்துவிடும். நாளைக்கு ஐந்தாவது நிலை ஒன்று சேர்ந்தால், திருத்தவேண்டிய இடங்களையெல்லாம் அதுவே காட்டித்தரும். ஆனால் சோம்பேறிச் செய்நிரலாளர் 'ஏனையவை' என்று ஒரு கிளையை எழுதி இந்த வசதி முழுவதையும் ஒரே வரியில் தொலைத்துவிடலாம். மொழி அதற்கும் இடம் தருகிறது.

வாய்ப்பைத் தருவதோடு மொழி நின்றுவிடும் என்பதற்குத் தெராக்-25 கதிர்வீச்சுக் கருவியின் கதை நல்ல சான்று. 1985க்கும் 1987க்கும் இடையில் வட அமெரிக்காவில் ஆறு நோயாளர்கள் அக்கருவியால் அளவுமீறிய கதிர்வீச்சுக்கு உள்ளானார்கள். மூவராவது அதனால் இறந்தார்கள். அதிலிருந்த பல வழுக்களுள் ஒன்று, ஒரே பைற்று அளவான ஒரு மாறி. சோதனை ஒன்று தேவை என்பதைக் குறிக்க, ஒவ்வொரு சுற்றிலும் அதோடு ஒன்று கூட்டப்பட்டது. 256ஆவது சுற்றில் அது பூச்சியத்துக்குத் திரும்பியது. பூச்சியம் என்றால் சோதனை தேவையில்லை என்று பொருள். அந்தக் கணத்தில் பொத்தான் அழுத்தப்பட்டால் சோதனை நடக்காமலே கதிர் பாய்ந்தது. அச்செய்நிரல் கணினியின் பொறிமொழிக்கு மிக நெருங்கிய குறியீட்டில் எழுதப்பட்டது. ஏடாவில் 0 முதல் 255 வரையான சாதாரண எண்வகையாக அதை அறிவித்திருந்தால் 256ஆவது சுற்றில் வழு எழுந்திருக்கும். ஆனால் ஏடாவிலேயே சுற்றிவந்து பூச்சியமாகும் எண்வகையும் உண்டு. அதைத் தெரிந்தெடுத்திருந்தால் இதே விபத்து ஏடாவிலும் நடந்திருக்கும். உண்மையில் அந்த இடத்துக்குத் தேவைப்பட்டது எண்ணே அல்ல, ஆம் அல்லது இல்லை என்ற இரண்டே பெறுமானம் கொண்ட ஒரு வகை. அந்த மாறி எதைக் குறிக்கிறது என்று எழுதும்போதே கேட்கவைக்கும் மொழியில் பழகியவருக்கு அது தோன்றும் வாய்ப்புக் கூட. இதற்கு மேல் உரிமை கொண்டாடுவது மிகை.

இலங்கை மாணவருக்கு இங்கே ஒரு வசதி உண்டு. அது பெரிதாகப் பேசப்படுவதில்லை. க.பொ.த. சாதாரண தரத் தகவல் தொழினுட்பப் பாடத்தில் செய்நிரலாக்கம் பாஸ்கல் மொழியில் கற்பிக்கப்படுகிறது. பாஸ்கல் பழசு, அதை எறிந்துவிட வேண்டும் என்ற குரல் அடிக்கடி கேட்கிறது. உயர்தரத்தில் பைதன் வந்ததும் மாணவர்கள் அதை மறந்தும் விடுகிறார்கள். ஆனால் ஏடாவின் வடிவமைப்பாளர்கள் அடித்தளமாகக் கொண்டது பாஸ்கலைத்தான். தொடக்கம், முடிவு என்று சொற்களால் அடைக்கும் பாணி, முக்காற்புள்ளியும் சமக்குறியும் சேர்ந்த பெறுமான வழங்கல், மாறிகளை முன்கூட்டியே அறிவிக்கும் வழக்கம் எல்லாம் அங்கிருந்து வந்தவை. எண்ணின் வீச்சை அறிவிக்கும் வசதியும் பாஸ்கலில் இருந்ததே. ஆனால் பாடசாலைகளில் பயன்படும் இலவசப் பாஸ்கல் தொகுப்பியில் வீச்சுச் சரிபார்ப்பு இயல்பாக நிறுத்திவைக்கப்பட்டிருக்கும். தேவையானவர் தேடிப்போய் இயக்க வேண்டும். ஏடாவில் அது இயல்பாகவே இயங்கும். வேண்டாதவர்தான் தேடிப்போய் நிறுத்த வேண்டும். இரண்டு மொழிகளின் குணபேதம் முழுவதும் இந்த ஒரு வித்தியாசத்தில் அடங்கிவிடுகிறது என்றுகூடச் சொல்வேன். ஆக, மாங்குளத்தில் பதினாறு வயதில் பாஸ்கல் படித்த ஒருவருக்கு ஏடாவின் முதல் நூறு பக்கம் அந்நியமாக இராது. சிலிக்கன் பள்ளத்தாக்கில் பைதனோடு தொடங்கியவரைவிட இவருக்கு அது கிட்ட.

கற்பதால் விளைவு வேறுபடும் என்பதற்கு ஆதாரம் என்ன? மிகவும் பேசப்பட்டது ஜோன் மக்கோர்மிக் என்ற அமெரிக்கப் பேராசிரியரின் வகுப்பறை அனுபவம். பொருத்தமாக, அதுவும் ரயில் பற்றியதே. மாதிரி ரயில் பாதை ஒன்றைக் கட்டுப்படுத்தும் செய்நிரலை மாணவர் குழுக்கள் ஒரு பருவத்துக்குள் எழுத வேண்டும். சி மொழியில் எழுதிய ஆண்டுகளில், பெரும்பகுதிச் செய்நிரலை ஆசிரியரே எழுதிக்கொடுத்தும்கூட, ஒரு குழுகூடக் குறைந்தபட்சத் தேவைகளை முடிக்கவில்லை. ஏடாவுக்கு மாறிய பின் பாதிக் குழுக்கள் முடித்தன. சிறு உதவிப் பொதிகளைக் கொடுத்ததும் அது முக்கால்வாசியானது. நேரம் தின்ற வழுக்களைப் பார்த்தால் அவற்றில் பெரும்பாலானவை நுண்ணிய கோட்பாட்டுப் பிழைகள் அல்ல, ஏடாத் தொகுப்பி உடனே பிடித்துவிடக்கூடிய அற்பப் பிழைகள். இன்னோர் ஆதாரம் ஸ்டீவன் சீக்லர் 1995இல் வெளியிட்டது. ஒரே நிறுவனத்தில் ஒரே பொருளின் சி மொழிப் பகுதியையும் ஏடாப் பகுதியையும் பல ஆண்டுப் பதிவுகளைக் கொண்டு ஒப்பிட்டு, ஏடாப் பகுதியின் செலவு ஏறத்தாழப் பாதி என்று அவர் காட்டினார். இரண்டையும் எச்சரிக்கையோடுதான் வாசிக்க வேண்டும். முன்னது ஓர் ஆசிரியரின் சிறு வகுப்புகள். கட்டுப்படுத்தப்பட்ட பரிசோதனை அல்ல. பின்னது ஏடாத் தொகுப்பி விற்ற நிறுவனத்தின் கணக்கு. வெல்லம் விற்பவர் வெல்லத்தின் இனிப்பைச் சொல்வதுபோல. எனினும் இரண்டும் ஒரே திசையைக் காட்டுகின்றன, காரணமும் விளங்குகிறது: பிழை எழுதிய இடத்துக்கும் பிழை வெளிப்படும் இடத்துக்கும் உள்ள தூரம் குறைகிறது.

இனி எதிர்வாதங்கள். முதலாவது ஏரியன். 1996 ஜூன் 4ஆம் திகதி ஐரோப்பாவின் ஏரியன் 5 ஏவூர்தி தன் முதற் பயணத்தில் ஏறத்தாழ 37ஆவது விநாடியில் திசைமாறிச் சிதறியது. அதன் திசையறி மென்பொருள் எழுதப்பட்ட மொழி ஏடா. 64 பிற்று மிதவை எண் ஒன்றை 16 பிற்று முழுவெண்ணாக மாற்றும்போது அது கொள்ளாமல் வழு எழுந்தது. மாற்றுக் கருவியிலும் அதே மென்பொருள் இருந்ததால் அது ஒரு கணம் முன்னரே செயலிழந்திருந்தது. பாதுகாப்பான மொழி என்று பீற்றிக்கொண்டது எங்கே போயிற்று என்று அப்போதே கேட்டார்கள். ஆனால் விசாரணைக் குழுவின் அறிக்கையை ஊன்றிப் பார்த்தால் மொழி தன் வேலையைச் செய்தே இருக்கிறது. எண் கொள்ளவில்லை என்று அது சொன்னது. சொன்னதும் கருவியை நிறுத்திவிட வேண்டும் என்று தீர்மானித்தவர்கள் மனிதர்கள். ஆபத்தான ஏழு மாறிகளுள் நான்குக்குக் காப்பு எழுதி, கணினிக்குச் சுமை கூடாதென்று மூன்றைக் காப்பின்றி விட்டார்கள். அந்த மென்பொருள் முதலில் எழுதப்பட்ட ஏரியன் 4இல் அந்தப் பெறுமானம் பெரிதாக வராது என்பது சரியான ஊகம். வேறு பாதையில் வேகமாக ஏறும் ஏரியன் 5க்கு அதே மென்பொருளைத் தூக்கிவைத்தபோது அந்த ஊகம் கூடவே வந்தது, ஆனால் எவர் கண்ணுக்கும் படவில்லை. புதிய ஏவூர்தியின் பாதைத் தரவுகள் அக்கருவியின் விவரக்குறிப்பில் சேர்க்கப்படவே இல்லை. ஊகத்தை எழுதும் வசதி மொழியில் இருந்தும் எழுதாமல் விட்டதன் கதை இது. ஏடாவுக்கு எதிரான சாட்சியாக இதைக் கொண்டுவருவோர், அதே சாட்சி எதிர்ப்பக்கத்துக்கும் பேசுவதைக் கவனிப்பதில்லை.

இரண்டாவது எதிர்வாதம் இதைவிட ஆழமானது. அதற்கு இலகுவான மறுமொழி இல்லை. 2023 ஜூன் 2ஆம் திகதி மாலை, ஒடிசாவின் பாலசோர் மாவட்டத்துப் பகாநாகா பசார் நிலையத்தில், சென்னைக்கு வந்துகொண்டிருந்த கோரமண்டல் விரைவு ரயில் பிரதான பாதைக்குப் பச்சை காட்டப்பட்டிருக்க, கிளைப்பாதைக்குள் திரும்பி நின்றிருந்த சரக்கு ரயிலில் மோதியது. இறந்தோர் 290க்கும் மேல். அந்த நிலையத்தில் இருந்தது மின்னணு முறைச் சமிக்ஞைப் பிணைப்பு. ரயில் பாதுகாப்பு ஆணையரின் விசாரணை தவறைக் கண்டது சமிக்ஞைச் சுற்றின் கம்பி இணைப்பில்: முன்னர் செய்த ஒரு மாற்றத்திலும், அன்றைய தினம் கடவை ஒன்றின் மின்சாரத் தடைக்கம்பத்தை மாற்றும்போது நடந்த வேலையிலும். செய்நிரலுக்குப் பாதை நேராக இருக்கிறது என்று சொல்லப்பட்டது. அது அதை நம்பியது. எந்த மொழியில் எழுதியிருந்தாலும் நம்பியிருக்கும். வீச்சுக்குள் அடங்கிய பொய்யை எந்தத் தொகுப்பியாலும் பிடிக்க முடியாது. அப்படியானால் மொழியைக் கற்று என்ன பயன் என்று கேட்கலாம். என் மறுமொழி, ரயில்வேத் துறை கணினிக்கு முன்னரே கண்ட வழிக்குத் திரும்புகிறது. இலங்கையின் ஒற்றைப் பாதைகளில் நெடுங்காலம் 'டப்லெட்' முறை இருந்தது. இரு நிலையங்களுக்கிடையிலான பாதைக்கு ஒரு நேரத்தில் ஒரு வில்லைதான் பொறியிலிருந்து வெளிவரும். அதைக் கையில் வைத்திருக்கும் ரயிலே உள்ளே போகலாம். நிலைய அதிபர் மறந்தாலும் பொறி மறக்காது. அந்தப் பொறியின் பலம், 'பாதையில் ஒரே ரயில்' என்ற ஊகத்தைத் தொட்டுப் பார்க்கக்கூடிய ஒரு பொருளாக்கியதில் இருந்தது. பல வேலைகள் ஒரே தரவை மாற்ற முனையும்போது ஒன்றை மட்டுமே உள்ளே விடும் காப்புப் பொருள் என்ற அமைப்பு ஏடாவில் இருக்கிறது. அதன் தத்துவம் இந்த வில்லையினுடையதே. ஆனால் வில்லை ரயிலோடு சேர்ந்தே பாதைக்குள் போகிறது. செய்நிரலின் பிணைப்போ கம்பியின் நுனியோடு முடிந்துவிடுகிறது. அந்த நுனிக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று சோதிக்கப் பழகாதவருக்கு ஏடா அரைப்பாடம்தான். பாலசோர் ஏடாவைக் கற்க வேண்டாம் என்று சொல்லவில்லை, தனியே கற்க வேண்டாம் என்கிறது.

மொழி அளவுக்கு மீறிப் பெரிது என்ற குறையும் பழையது. கணினி அறிஞர் டோனி ஹோர் 1980இல் டியூரிங் விருது உரையிலேயே, இவ்வளவு சிக்கலான மொழியை நம்பகத்தன்மை இன்றியமையாத இடங்களில் பயன்படுத்த வேண்டாம் என்று எச்சரித்தார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. அதற்கு நடைமுறையில் கிடைத்த பதில் ஸ்பார்க்: ஏடாவிலிருந்து சந்தேகத்துக்குரியவற்றைக் கழித்து, எஞ்சியதை ஓட்டிப் பார்க்காமலே கணித முறையில் நிறுவ வழிசெய்யும் உபமொழி. ஒவ்வொரு உபநிரலுக்கும் முன்நிபந்தனை, பின்நிபந்தனை எழுதினால், எந்த உள்ளீட்டுக்கும் வீச்சு மீறாது, தடைக்கம்பம் உயர்ந்திருக்கும்போது ரயிலுக்குப் பச்சை கிடைக்காது என்பவற்றைக் கருவி நிரூபித்துக் காட்டும், அல்லது நிரூபிக்க முடியவில்லை என்று சொல்லும். பாரிஸ் நகரின் 14ஆம் இலக்க மெட்ரோ, 1998இல் ஓட்டுநரில்லாமல் ஓடத் தொடங்கியது, இதையொத்த வேறொரு நிறுவல் முறையில் வடிக்கப்பட்டு ஏடாவாக மாற்றப்பட்ட மென்பொருளால். ஏடாத் தொகுப்பியும் ஸ்பார்க் கருவிகளும் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரு தடவை இறக்கிக்கொண்டால் இணையமில்லாமலும் சாதாரண மடிக்கணினியில் ஓடும்.

வேலை கிடைக்குமா என்ற கேள்வியைத் தட்டிக்கழிப்பது நேர்மையாகாது. கொழும்பின் மென்பொருள் நிறுவனங்கள் ஏடா தெரிந்தவரைத் தேடி விளம்பரம் செய்வதில்லை. ஜாவாவும் ஜாவாஸ்கிரிப்டும்தான் அங்கே சோறு போடும். அமெரிக்கப் பாதுகாப்புத் திணைக்களமே ஏடாவில்தான் எழுத வேண்டும் என்ற கட்டாயத்தை 1997இல் கைவிட்டது. இன்று நினைவகப் பாதுகாப்பைப் பற்றிப் பேசுவோர் ரஸ்ட் மொழியைத்தான் முதலில் சொல்கிறார்கள். 2023இல் ரஸ்ட்டின் ஒரு தொகுப்பி வாகனத் துறைப் பாதுகாப்புத் தரத்துக்குத் தகுதியும் பெற்றுவிட்டது. ரஸ்ட் நினைவகத்தைக் காப்பதில் சிறந்ததென்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதன் அக்கறை நினைவகம் யாருக்குச் சொந்தம் என்பதில். ஒரு எண் உலகில் எதைக் குறிக்கிறது, எதுவரை போகலாம் என்பதை ஏடா அளவுக்கு முதல் வகுப்பிலேயே அது கேட்பதில்லை. ஏடாவில் பழகியவர் ரஸ்ட்டுக்கோ, கடுமையான விதிகளோடு எழுதப்படும் சி மொழிக்கோ போவது சிரமமில்லை. ரயில்வே மென்பொருளுக்கான 2011ஆம் ஆண்டு ஐரோப்பியத் தரநிலை பெரிதும் பரிந்துரைத்த மொழிகளுள் ஏடாவும் பாஸ்கலும் இருந்தன என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். வடக்கின் சமிக்ஞைத் தொகுதி வெளியார் கையால் வந்தது; அதைப் பராமரிக்கவும் மாற்றவும் தெரிந்தவர்கள் இங்கே உருவாகாவிட்டால் ஒவ்வொரு மாற்றத்துக்கும் வெளியாரையே எதிர்பார்க்க வேண்டும். பாலசோரில் தவறு நடந்தது புதிதாகக் கட்டும்போது அல்ல, மாற்றம் செய்யும்போது.

தமிழில் ஏடாவுக்கென நூல் இல்லாதது மெய்யான தடை. ஆனால் 2005க்குப் பிந்திய ஏடாவில் மாறிகளுக்கும் வகைகளுக்கும் தமிழ் எழுத்திலேயே பெயரிடலாம். கட்டளைச் சொற்கள் மட்டும் ஆங்கிலமாக இருக்கும். 'கடவை_நிலை', 'மூடியது' என்று எழுதிய செய்நிரலை, ஆங்கிலம் சரளமாக வராத ஒருவரோடு திரையின் முன் உட்கார்ந்து வரிவரியாக வாசிக்க முடியும். இது அலங்காரம் அல்ல, ஏனெனில் கடவையைப் பற்றிய ஊகங்கள் சரியா என்று சொல்லக்கூடியவர்கள் பெரும்பாலும் செய்நிரலாளர்கள் அல்லர். வடக்கிலும் கிழக்கிலும் பல கடவைகளைக் காத்து நிற்பவர்கள், பொலிஸ் ஊடாகச் சொற்பக் கொடுப்பனவுக்கு அமர்த்தப்பட்டு, நிரந்தர நியமனம் கேட்டுப் பல தடவை போராடியவர்கள். மணி எப்போது பிழையாக அடிக்கிறது, ரயில் எவ்வளவு பிந்தினால் மக்கள் பொறுமையிழந்து தடையைச் சுற்றிப் போகிறார்கள், உழவு இயந்திரம் பெட்டியோடு கடக்க எத்தனை விநாடி எடுக்கும், மாட்டுப்பட்டி வந்தால் அது எவ்வளவாகும் என்பதெல்லாம் அவர்களுக்குத் தெரியும். 25 விநாடி போதுமா என்பதற்குப் பதில் அவர்களிடம்தான் இருக்கிறது. கிளிநொச்சி அறிவியல் நகரில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் பொறியியற் பீடம் இருக்கிறது, பம்பைமடுவில் வவுனியாப் பல்கலைக்கழகம் இருக்கிறது. மாங்குளம் இரண்டுக்கும் நடுவில். ஒரு பருவப் பாடத்துக்கு ஒரு கடவையை எடுத்துக்கொண்டு, முதல் இரண்டு வாரம் கணினியைத் தொடாமல் கடவைக் காப்பாளரிடமும் நிலைய அதிபரிடமும் கேட்டுக் குறித்துவந்து, அவர்கள் சொன்ன ஒவ்வொன்றையும் ஒரு வகையாக, ஒரு வீச்சாக, ஒரு முன்நிபந்தனையாக எழுதினால், ஏடாவின் அறிவிப்புப் பகுதி அநேகமாக முடிந்துவிடும். அதற்குப் பிறகு எழுதவேண்டிய கட்டளைகள் சில பக்கங்கள்தான்.